இரு நிலாக்கள் உள்ள கற்பனை உலகில் 'கூடல்' என்னும் கால அலகு: என் கணக்கு சரியா?

புனைவெழுத்தன் (கேள்வி):

அனைவருக்கும் வணக்கம். நான் எழுதிவரும் நெடுங்கதை, இரண்டு நிலாக்களைக் கொண்ட ஒரு கற்பனைக் கோளில் நிகழ்கிறது. அங்குள்ள மக்களிடம் வாரமும் மாதமும் வழக்கில் இல்லை. இரு நிலாக்களும் வானில் நெருங்கிவந்து ஒன்றையொன்று கடக்கும் நிகழ்வை அவர்கள் 'கூடல்' என்கிறார்கள். ஒரு கூடலுக்கும் அடுத்த கூடலுக்கும் இடைப்பட்ட காலமே அவர்களுடைய முதன்மையான கால அலகு. குழந்தையின் வயது, கடனின் தவணை, தலைவரின் பதவிக்காலம், குற்றவாளியின் சிறைவாசம் என எல்லாமே கூடல் கணக்கில்தான் சொல்லப்படுகின்றன.

கோளின் நிறை பூமியின் நிறையே. ஒரு நாள் 24 மணி நேரம். ஓர் ஆண்டு 420 நாட்கள். அருகில் உள்ள செம்மதி 9 நாட்களிலும், தொலைவில் உள்ள வெண்மதி 31 நாட்களிலும் கோளை ஒருமுறை சுற்றி வருகின்றன. இரண்டும் ஒரே திசையில் செல்கின்றன; பார்ப்பவர் கண்ணுக்கு இரண்டும் நம் நிலாவைப் போலவே அரைப் பாகை அகலம் கொண்டவை. 9, 31 ஆகிய எண்களின் மீச்சிறு பொது மடங்கு 279 என்பதால், ஒரு கூடல் 279 நாட்கள் என்று வைத்துக்கொண்டு கதையின் முதற்பகுதியை அமைத்திருக்கிறேன். நாயகிக்கு வயது 26 கூடல். அதாவது நம் கணக்கில் இருபதை ஒட்டியவள்.

இப்போது திருத்தி எழுத உட்காரும்போது ஐயம் எழுகிறது. 279 என்பது சரிதானா? ஆண்டுக்குள் இந்த அலகு முழு எண்ணாக அடங்கவில்லையே, அந்த மக்கள் அதை எப்படிச் சமாளிப்பார்கள்? இப்படி இரு நிலாக்கள் நெடுங்காலம் நிலைத்திருக்க முடியுமா? கணக்குப் போட்டுப் பார்க்கும் வாசகரும் குறை காணாதபடி இந்த அலகை வரையறுக்க விரும்புகிறேன். வானியல் அறிந்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.


விண்கணக்கர்:

அலகு அழகானது, ஆனால் 279 அதன் நீளம் ஆகாது. இரு நிலாக்களும் புறப்பட்ட அதே விண்மீனுக்கு அருகில் மீண்டும் ஒருசேர வந்து நிற்பதற்கு ஆகும் காலம்தான் மீச்சிறு பொது மடங்கால் கிடைக்கிறது. அவை ஒன்றையொன்று கடப்பதற்கு அவ்வளவு காலம் காத்திருக்க வேண்டியதில்லை. கடிகாரத்தின் பெரிய முள்ளும் சிறிய முள்ளும் பன்னிரண்டு மணிக்குச் சேர்ந்தபின், மறுபடியும் பன்னிரண்டு அடிக்கும்வரை பிரிந்தே இருப்பதில்லை அல்லவா? ஏறத்தாழ அறுபத்தைந்தரை நிமிடத்துக்கு ஒருமுறை, வெவ்வேறு இடங்களில், அவை ஒன்றன்மேல் ஒன்று வந்துவிடுகின்றன.

உங்கள் 279 நாட்களையே எடுத்துக்கொள்வோம். அதற்குள் செம்மதி 31 சுற்றுகளையும் வெண்மதி 9 சுற்றுகளையும் முடிக்கின்றன. வேறுபாடு 22. அதாவது அந்தக் காலத்துக்குள் செம்மதி வெண்மதியை 22 முறை முந்திச் சென்றிருக்கிறது. ஆகவே ஒரு கூடல் என்பது 279-ஐ 22-ஆல் வகுத்தால் கிடைப்பது: சராசரியாக 12.68 நாட்கள். வேறு எண்களுக்கும் இதே வழிதான்: இரு சுற்றுக்காலங்களையும் பெருக்கி, அவற்றின் வேறுபாட்டால் வகுக்க வேண்டும்.

இதனால் உங்கள் 279 வீணாகிவிடவில்லை. ஒவ்வொரு கூடலும் முந்தைய கூடல் நிகழ்ந்த இடத்திலிருந்து வான்பாதையில் 147 பாகைக்குச் சற்று அதிகமாகத் தள்ளி நிகழும். இருபத்திரண்டாவது கூடல் தொடங்கிய இடத்துக்கே வந்து சேரும். அந்த 22 இடங்களும் வான்பாதையில் சம இடைவெளியில், ஏறத்தாழ 16 பாகைக்கு ஒன்றாக அமைகின்றன. நம் நிலா 27.3 நாட்களில் விண்மீன்களிடையே ஒரு சுற்று வருவதை ஒட்டி வான்பாதை 27 நட்சத்திரங்களாகப் பகுக்கப்பட்டது போல, உங்கள் மக்கள் 22 விண்மீன் கூட்டங்களுக்குப் பெயரிட்டிருப்பார்கள் என்று நீங்கள் தயங்காமல் எழுதலாம். 'இந்தக் கூடல் எந்த வீட்டில்?' என்பது அங்கே அன்றாடக் கேள்வியாக இருக்கும்.

அடுத்து, பெரும்பாலான கதைகளில் தவறிப்போகும் செய்தி ஒன்று உண்டு. நிலா எந்தப் பிறையில் தெரிகிறது என்பது வானில் அதற்கும் கதிரவனுக்கும் உள்ள கோண இடைவெளியைப் பொறுத்தது. கூடலின்போது இரு நிலாக்களும் ஒரே திசையில் நிற்பதால், இரண்டுக்கும் கதிரவனிலிருந்து உள்ள இடைவெளியும் ஒன்றே. எனவே கூடல் நிகழும் இரவில் இரண்டும் ஒரே பிறையாகத்தான் தெரியும். ஒன்று மெல்லிய கீற்றாகவும் மற்றது முழுநிலவாகவும் அருகருகே நிற்பது நடவாத காட்சி. அட்டைப்படம் வரைபவரிடமும் இதைச் சொல்லிவையுங்கள்.

பிறைகளின் சுழற்சிக்கு நீங்கள் தந்த 9-உம் 31-உம் நேரடியாகப் பொருந்தா. கோளும் கதிரவனைச் சுற்றி நகர்வதால், செம்மதி முழுநிலவிலிருந்து முழுநிலவுக்கு வர 9.20 நாட்களும், வெண்மதிக்கு 33.47 நாட்களும் ஆகும். நம் நிலாவிலும் இதே வேறுபாடு உண்டு: விண்மீன்களை வைத்துப் பார்த்தால் 27.32 நாட்கள், பிறைகளை வைத்துப் பார்த்தால் 29.53 நாட்கள். கூடலின் நீளத்தை மட்டும் கதிரவன் பாதிப்பதில்லை. இரு நிலாக்களுக்கும் ஒரே திருத்தம் சேர்வதால் வேறுபாட்டில் அது நீங்கிவிடுகிறது.

இங்கேதான் உங்கள் கதைக்கு உதவும் ஒழுங்கு ஒன்று தென்படுகிறது. ஒரு கூடலுக்கும் அடுத்ததற்கும் இடையே பிறைநிலை 136.4 பாகை நகர்கிறது. எட்டுக் கூடல்கள் கழிந்தால், அதாவது 101 நாட்களும் அரை நாளுக்குச் சற்றுக் குறைவும் ஆனால், அது மூன்று முழுச் சுற்றுகளைத் தாண்டி 11 பாகை மட்டும் மிஞ்சி நிற்கும். ஆக, இரு நிலாக்களும் முழுமையாக ஒளிரும் கூடல் ஒன்று நிகழ்ந்தால், எட்டாவது கூடலும் ஏறத்தாழ முழுநிலவுக் கூடலாகவே அமையும். இந்த 11 பாகை சேர்ந்துகொண்டே போவதால் தொடர் ஒருநாள் முறியும். முழுநிலவுப் புள்ளியிலிருந்து இருபுறமும் 24½ பாகைக்குள் நிகழும் கூடலைப் 'பெருங்கூடல்' என்று வைத்துக்கொண்டால், பெருங்கூடல்களுக்கு இடையே மூன்று முறை (சிலவேளை நான்கு முறை) எட்டுக் கூடல் இடைவெளியும், பிறகு ஒருமுறை ஐந்து கூடல் இடைவெளியும் வரும். எட்டு, எட்டு, எட்டு, ஐந்து: மொத்தம் 29 கூடல்கள், 367.8 நாட்கள். அதற்குள் வெண்மதியின் பிறைச்சுழற்சி 11-உம் செம்மதியினுடையது 40-உம் ஏறத்தாழ முடிந்திருக்கும். பிறைநிலையில் வழுவுவது 4 பாகை மட்டுமே.

நாயகியின் வயதுக்கும் இதுவே வழி காட்டும். இருபது வயதுப் பெண்ணுக்கு 576 கூடல்கள் ஆகிவிடுகின்றன; எந்தச் சமூகமும் வயதை இவ்வளவு பெரிய எண்ணில் சொல்லிக்கொண்டிராது. 29 கூடல் கொண்ட சுற்றை ஒரு பேரலகாக வைத்துக்கொண்டால், அது தற்செயலாக நம் ஆண்டை ஒட்டியே இருப்பதால், வாசகருக்கும் மனக்கணக்கு எளிதாகும்.


கடலோடி:

மேலே கூறப்பட்டதோடு கடலையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஒரு கால அலகை மக்கள் தலைமுறை தலைமுறையாகப் பேணுவதற்கு வானத்தின் அழகு மட்டும் போதுமான காரணமாகாது. அதை மறந்தால் ஏதாவது இழப்பு நேர வேண்டும். கரையோர மக்களுக்கு அந்த இழப்பை ஓதம், அதாவது கடல்நீரின் ஏற்றவற்றம், உண்டாக்கும்.

நிலா ஒன்று கடலில் எழுப்பும் ஓத விசை, அதன் நிறைக்கு நேர் விகிதத்திலும், தொலைவின் மும்மடிக்குத் தலைகீழ் விகிதத்திலும் அமைகிறது. இதிலிருந்து கிடைக்கும் முடிவு எனக்கு எப்போதும் வியப்பளிப்பது: அடர்த்தி ஒன்றாக இருந்தால், வானில் ஒரே அகலமாகத் தெரியும் இரு பொருள்கள், எவ்வளவு தொலைவில் இருந்தாலும், ஒரே அளவு ஓதத்தை எழுப்பும். நம் கதிரவனும் நிலாவும் ஏறத்தாழ ஒரே அகலமாகத் தெரிந்தும், கதிரவனின் ஓத விசை நிலாவினுடையதில் பாதிக்கும் குறைவாக இருப்பதற்குக் காரணம், கதிரவனின் சராசரி அடர்த்தி நிலாவினுடையதில் பாதியைக்கூட எட்டாததே.

உங்கள் இரு நிலாக்களும் அரைப் பாகை அகலம் என்கிறீர்கள். அடர்த்தியும் நம் நிலாவினுடையதே என்று கொண்டால், ஒவ்வொன்றும் நம் நிலா எழுப்புவதில் பத்தில் ஒன்பது பங்கு ஓதத்தை எழுப்பும். கூடலன்று இரண்டும் ஒரே கோட்டில் இழுப்பதால் விசைகள் கூடி, நீர் மிக உயரம் ஏறி, மிக ஆழம் வற்றும். இரண்டும் வானில் ஒன்றுக்கொன்று 90 பாகையில் நிற்கும் நாட்களிலோ ஒன்றின் ஏற்றத்தை மற்றதன் வற்றம் ஏறக்குறைய முழுமையாக ஈடுசெய்துவிடும். கதிரவன் எழுப்பும் சிறு ஓதம் மட்டுமே மிஞ்சும். உங்கள் கதிரவன் நம்முடையதைப் போன்றதென்றால், 420 நாள் ஆண்டுக்குரிய தொலைவில் அதன் பங்கு, இரு நிலாக்களும் சேர்ந்து எழுப்புவதில் ஐந்தில் ஒன்றளவே இருக்கும்.

இதில் கவனிக்க வேண்டியது, நிலாக்கள் எதிரெதிர்த் திசைகளில் நிற்கும்போதும் ஓத விசைகள் கூடவே செய்கின்றன என்பது. ஓதப் புடைப்பு கோளின் இருபுறமும் எழுவதால் எதிர்நிலையும் கூடலுக்குச் சமமே. எனவே துறைமுகத்தில் பெருநீர் 6.34 நாட்களுக்கு ஒருமுறை வரும். கப்பலைக் கரையேற்றுவதும், உப்பளத்துக்குள் நீர் பாய்ச்சுவதும், ஆற்று முகத்துவாரத்தின் மணல்மேட்டைத் தாண்டிப் படகைச் செலுத்துவதும் இந்த 'அரைக்கூடல்' கணக்கில்தான் நடக்கும். உள்நாட்டில் வாழ்பவர்களுக்கு எதிர்நிலை ஒரு பொருட்டே இல்லை. ஒரு நிலா எழும்போது மற்றது மறையும், அவ்வளவுதான். கரையோரத்தில் ஓர் அலகும் உள்நாட்டில் அதன் இருமடங்கும் வழங்குவதால், 'பத்து நாளில் தருகிறேன்' என்று சொல்ல முடியாத அந்த உலகில், கடன் பத்திரங்களில் எத்தனை வழக்குகள் எழும் என்று எண்ணிப்பாருங்கள்.


நிழல்வாசகி:

கூடல் நிகழ்ந்துவிட்டது என்று அறிவிப்பவர் யார் என்பதை நீங்கள் இன்னும் முடிவுசெய்யவில்லை என்று தோன்றுகிறது. அதைத் தீர்மானிக்காமல் அலகு முழுமை பெறாது.

செம்மதி வெண்மதியை நாளொன்றுக்கு 28 பாகை வீதம் நெருங்குகிறது. ஓர் இரவில் பத்துப் பாகை மேற்கே நின்ற செம்மதி, மறுநாள் அதே நேரத்தில் பதினெட்டுப் பாகை கிழக்கே நிற்கும். கடக்கும் கணம் பகலிலோ, நிலாக்கள் அடிவானத்துக்குக் கீழே இருக்கும்போதோ போய்விடலாம். கண்ணெதிரே கூடல் நிகழ்வது அரிய பேறுதான். அதோடு, கதிரவனுக்கு மிக அருகில் நிகழும் கூடல் யாருக்கும் தெரியாது. கதிரவனின் இருபுறமும் 15 பாகைக்குள் நிலாக்கள் ஒளியில் மறைந்துபோகும் என்று கொண்டால், சராசரியாகப் பன்னிரண்டு கூடல்களில் ஒன்று எவர் கண்ணிலும் படாமல் கழியும். கண்ணால் கண்டவர் சாட்சி சொன்னால்தான் கூடல் என்பது விதியானால், இந்த 'மறைகூடல்' வரும்போது கைதி விடுதலையாவானா, வட்டி ஏறுமா?

இடத்தைப் பொறுத்தும் வேறுபாடு உண்டு. அருகில் உள்ள பொருள், பார்ப்பவர் நிற்கும் இடத்துக்கேற்பச் சற்று விலகித் தெரியும். செம்மதிக்கு இந்த விலகல் இரண்டு பாகை வரையிலும், வெண்மதிக்கு ஒரு பாகைக்குச் சற்றுக் குறைவாகவும் இருக்கும். அதனால், நிலாக்கள் எழும் நிலையில் பார்க்கும் ஊருக்கும் மறையும் நிலையில் பார்க்கும் ஊருக்கும் கூடல் நேரம் ஏறத்தாழ இரண்டு மணி நேரம் வரை வேறுபடலாம். இரண்டு அரசுகள் தத்தம் வானைக் கண்டு தத்தம் கணக்கை வைத்துக்கொண்டால், அவற்றின் எல்லையில் ஒப்பந்தம் எப்போது காலாவதியாகிறது என்பதே பூசலாகிவிடும்.

கூடலைச் சிறு பகுதிகளாகப் பிரிக்கவும் வழி வேண்டும். இதற்கு நமக்குப் பழக்கமான முன்மாதிரி இருக்கிறது. திதி என்பது மணிக்கணக்கால் வரையறுக்கப்பட்டதன்று. நிலா கதிரவனிலிருந்து 12 பாகை விலகும் ஒவ்வொரு முறையும் ஒரு திதி முடிகிறது. நிலாவின் வேகம் சீராக இல்லாததால் சில திதிகள் 20 மணி நேரத்திலேயே முடிந்துவிடுகின்றன, சில 26 மணி நேரத்துக்கும் மேல் நீள்கின்றன. அதே முறையில், இரு நிலாக்களின் இடைவெளி 30 பாகை கூடும்போதெல்லாம் ஒரு 'படி' முடிவதாக வைத்தால், கூடலுக்குப் பன்னிரண்டு படிகள் அமையும். ஒரு படி சராசரியாக 25 மணி நேரத்துக்கும் சற்று அதிகம். நாளோடு ஒட்டியும் ஒட்டாமலும் நழுவிக்கொண்டே போகும் இந்தப் படிக்கணக்கு, நாட்காட்டி கணிப்பவர்களைத் தனி வகுப்பாகவே வளர்த்துவிடும்.


புனைவெழுத்தன்:

மூவருக்கும் நன்றி. 12.68 நாள் கூடல் கதைக்கு முன்னைவிட நன்றாகப் பொருந்துகிறது; 29 கூடல் சுற்றைப் பேரலகாக வைத்துக்கொள்கிறேன். மறைகூடலன்று விடுதலையாக வேண்டிய கைதியை முதல் அத்தியாயத்திலேயே கொண்டுவரலாம் என்று நினைக்கிறேன்.

ஆனால் உழவர்களுக்குப் பருவம் தெரிய வேண்டுமே. 367.8 நாள் சுற்று 420 நாள் ஆண்டோடு சிறிதும் இணங்காது. மேலும், கூடல் 12.68 நாட்கள் என்றால், நடைமுறையில் மக்கள் 12 என்று எண்ணுவார்களா, 13 என்று எண்ணுவார்களா? நிலைத்தன்மை பற்றிய கேள்வியும் எஞ்சியிருக்கிறது. கூடலின்போது செம்மதி வெண்மதியை மறைக்குமா என்பதையும் அறிய விரும்புகிறேன்.


விண்கணக்கர்:

பருவத்திலிருந்து தொடங்குகிறேன். 29 கூடல் சுற்றை வயதுக்கும் விழாவுக்கும் விட்டுவிடுங்கள். உழவுக்கு 33 கூடல் கொண்ட ஆண்டை வையுங்கள். 33 கூடல்கள் 418½ நாட்கள் ஆகின்றன. உண்மையான ஆண்டுக்கு ஒன்றரை நாள் குறைகிறது. இந்தக் குறை எட்டரை ஆண்டுகளில் ஏறத்தாழ ஒரு கூடலாகச் சேர்ந்துவிடும். எனவே 17 ஆண்டுகளில் இரண்டு 'மிகைக்கூடல்களை'ச் சேர்த்தால், மொத்தம் 563 கூடல்களும் 17 ஆண்டுகளும் மூன்றேகால் மணி நேர வேறுபாட்டில் ஒத்துப்போகின்றன. நம் உலகில் இதற்கு நிகரானது 19 ஆண்டுச் சுழற்சி: 235 நிலா மாதங்கள் 19 ஆண்டுகளோடு இரண்டு மணி நேர வேறுபாட்டில் பொருந்துவதால், பன்னிரண்டு மாத ஆண்டுகளிடையே ஏழு மிகைமாதங்கள் சேர்க்கப்படுகின்றன. ஏதென்சு நகரத்து மெட்டன் கி.மு. 432-இல் இதை முன்வைத்ததால் அது அவர் பெயரால் வழங்குகிறது. மிகைமாதமே சேர்ப்பதில்லை என்று முடிவுசெய்த ஹிஜ்ரி நாட்காட்டியில், 354 அல்லது 355 நாள் ஆண்டு, எல்லாப் பருவங்களின் ஊடாகவும் ஏறத்தாழ 33 ஆண்டுகளில் நகர்ந்து வந்துவிடுகிறது. இரண்டில் எந்த வழியையும் உங்கள் மக்கள் மேற்கொண்டிருக்கலாம். இரு பிரிவினர் இரு வழிகளைக் கைக்கொண்டிருந்தால் கதைக்கு இன்னும் நல்லது.

12-ஆ 13-ஆ என்பதற்கு விடை எளிது. 22 கூடல்களில் 15 கூடல்களுக்கு 13 நாட்களும், 7 கூடல்களுக்கு 12 நாட்களும் தந்தால் 279 நாட்கள் மீதமின்றி வந்துவிடும். இரண்டு நெடுங்கூடலுக்கு ஒரு குறுங்கூடல் என்று அடுக்கிக்கொண்டே போய், இறுதியில் ஒரு நெடுங்கூடலைச் சேர்த்தால் போதும். படிப்பறிவில்லாதவரும் விரல் மடக்கி எண்ணிவிடலாம். இது சராசரிக் கணக்கு என்பதை மறவாதீர்கள். நிலாக்களின் பாதை நீள்வட்டமாக இருந்தால் உண்மைக் கூடல் முன்னும் பின்னும் நழுவும். நம் நிலாவின் பிறைமாதமே சில முறை 29.3 நாட்களிலும் சில முறை 29.8 நாட்களிலும் முடிகிறது.

நிலைத்தன்மையைப் பொறுத்தவரை ஒரு வரம்பு தெளிவானது. கோள் சுழலும் திசையிலேயே சுற்றும் நிலா, கதிரவனின் ஈர்ப்பால் பறிக்கப்படாமல் இருக்க வேண்டுமானால், அதன் சுற்றுக்காலம் ஆண்டில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது. 420-க்கு 31 என்பது வெகுவாகப் பாதுகாப்பானது. பூமியின் நிறையைக் கொண்டால் செம்மதி 1,83,000 கி.மீ. தொலைவிலும் வெண்மதி 4,18,000 கி.மீ. தொலைவிலும் சுற்றும். என் கவலை வெண்மதியின் நிறையைப் பற்றியது. அது அரைப் பாகை அகலமாகத் தெரிய வேண்டுமானால் 3,650 கி.மீ. குறுக்களவு வேண்டும், நம் நிலாவைவிடப் பெரிது. 1,600 கி.மீ. மட்டுமே உள்ள செம்மதியை அது ஒவ்வொரு கூடலிலும் இழுத்து அலைக்கழிக்கும். அதன் குறுக்களவைப் பாதியாக்கினால் பாதைகள் அமைதியாக இருக்கும். ஆனால் கடலோடி அவர்கள் விளக்கிய ஓதக் காட்சி பெரும்பாலும் போய்விடும், ஏனெனில் குறுக்களவு பாதியானால் ஓத விசை எட்டில் ஒன்றாகிவிடுகிறது. நான் எழுதுவதாக இருந்தால் ஓதத்தையே தேர்ந்தெடுத்து, கூடலின் நீளம் சில மணி நேரம் அலைபாய்வதைக் கதையில் ஏற்றுக்கொள்வேன்.


பழுப்புப்பக்கம்:

கற்பனைக்கு முன்மாதிரி தேடுபவர்கள் நம் கதிரவ மண்டலத்தையே பார்க்கலாம். வியாழனின் அயோவும் யூரோப்பாவும் 3.53 நாட்களுக்கு ஒருமுறை கூடுகின்றன. யூரோப்பாவும் கனிமீடும் கூடுவது சரியாக அதன் இருமடங்கு இடைவெளியில், 7.05 நாட்களுக்கு ஒருமுறை. ஈர்ப்புப் பிணைப்பே இந்த விகிதத்தைக் காக்கிறது. அதே பிணைப்பின் காரணமாக மூன்றும் ஒரே திசையில் ஒருபோதும் கூடுவதில்லை. வானமே வகுத்துத் தந்த வாரம் வேண்டுமானால் இதைவிடச் சிறந்தது கிடைக்காது. இந்த நிலாக்களைக் கடிகாரமாகப் பயன்படுத்தும் எண்ணமும் பழையது: 1610-இல் அவற்றைக் கண்டறிந்த கலிலியோவே, அவற்றின் மறைவு நேரங்களைக் கொண்டு தீர்க்கரேகையை அறியலாம் என்று முன்மொழிந்தார்.

செவ்வாயில் நிலைமை வேறு. ஃபோபோஸ் 7 மணி 39 நிமிடத்தில் ஒரு சுற்றை முடிப்பதால், கோளின் சுழற்சியையே முந்திக்கொண்டு மேற்கில் எழுந்து கிழக்கில் மறைகிறது. ஓர் எழுச்சியிலிருந்து அடுத்த எழுச்சிக்கு 11 மணி நேரத்துக்குச் சற்று அதிகம். டீமோஸ் கிழக்கில்தான் எழுகிறது; ஆனால் மறுபடி எழுவதற்கு ஐந்தரை நாட்கள் ஆகின்றன. நீண்ட யுகம் போன்ற அலகு வேண்டுமென்றால் சனியின் ஜானஸும் எபிமீதியசும் இருக்கின்றன: ஏறத்தாழ ஒரே பாதையில் செல்லும் இவ்விரண்டும் நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை நெருங்கிவந்து, மோதாமல், உள்பாதையையும் வெளிப்பாதையையும் மாற்றிக்கொள்கின்றன.


விண்கணக்கர்:

மறைப்பைப் பற்றிய கேள்வியை விட்டுவிட்டேன். இரு பாதைகளும் ஒரே தளத்தில் கிடந்தால் கூடல்தோறும் செம்மதி வெண்மதியை மறைக்கும். அது வெகு விரைவில் சலித்துப்போகும். பாதைகளுக்கிடையே 4 பாகைச் சாய்வு வைத்துக்கொள்ளுங்கள். நம் நிலாவின் பாதை கதிரவனின் பாதைக்கு 5 பாகை சாய்ந்திருப்பதால்தான் மாதந்தோறும் கிரகணம் நிகழ்வதில்லை. 4 பாகைச் சாய்வில், இரு தளங்களும் வெட்டிக்கொள்ளும் புள்ளிகளுக்கு 7 பாகைக்குள் நிகழும் கூடல்களில் மட்டுமே ஒன்று மற்றொன்றைத் தொடும். சராசரியாகப் பதின்மூன்று கூடலுக்கு ஒன்று, ஆண்டுக்கு இரண்டோ மூன்றோ. அந்த வெட்டுப்புள்ளிகள் நிலையாக நிற்பதில்லை; நம் நிலாவில் அவை 18.6 ஆண்டுகளில் வானை ஒரு சுற்று வருகின்றன. எனவே மறைப்பு நிகழும் விண்மீன் வீடுகளும் ஆண்டுக்காண்டு மாறிக்கொண்டே வரும்.

ஒன்றை மட்டும் கவனத்தில் வையுங்கள். நிழல்வாசகி அவர்கள் குறிப்பிட்ட இட விலகல் இங்கே மிகுதியாக வேலைசெய்யும். நிலாக்களின் அகலமே அரைப் பாகைதான். இட விலகலின் வேறுபாடோ ஒரு பாகைக்கு மேல். வடபுலத்தில் வெண்மதி முழுவதும் மறைந்துபோன அதே இரவில், தென்புலத்தவர் இரு நிலாக்களுக்கிடையே தெளிவான இடைவெளியைக் காண்பார்கள். மறைப்பை நற்குறியாகவோ தீக்குறியாகவோ காட்டும் காட்சி எதையும், பார்ப்பவர் எந்த நிலத்தில் நிற்கிறார் என்பதை முடிவுசெய்த பிறகே எழுதுங்கள்.